ஐந்து கோல்களும் குடிக்காத தேநீரும்

எங்கள் அப்பாவைப் பொய்யராக்கியது அவர் படித்த கல்லூரியின் ஒக்லாந்துப் பழைய மாணவர் சங்கம்தான். வேறு யாரும் இல்லை.

அப்பா போய் ஒரு வருடம் முடிகிற ஆட்டைத் திவசத்துக்கு வந்து இந்த நினைவு மலரைக் கையில் வாங்குகிறவர்களில் அந்தச் சங்கத்தின் செயற்குழுவினரும் இருப்பார்கள். நாங்கள்தான் அழைத்தோம். வயிறாரச் சாப்பிடுங்கள். ஆனால் இதை வாசித்துவிட்டுப் போங்கள். இப்படியான மலரில் போனவரைப் புகழ்ந்து எழுதுவதுதான் முறை என்று அம்மா சொன்னார். எனக்குப் புகழ்ந்து எழுத வராது. நடந்ததை எழுத வரும். அதையும் அப்பாவிடம் இருந்துதான் எடுத்துக்கொண்டேன்.

அப்பா வடமராட்சியில் பிறந்தவர். நான்கு பிள்ளைகளில் மூன்றாமவர். பத்து வயதில் கல்லூரி விடுதிக்கு அனுப்பப்பட்டார். அது அவருடைய அப்பப்பா, அதாவது என் பூட்டனார், இன்றைக்கு நூறு வருடங்களுக்கு முன்னரே படித்த கல்லூரி. பூட்டனார் அங்கே உதைபந்தாட்ட அணியின் தலைவராக இருந்தவர். கல்லூரி மண்டபத்தில் அந்த அணியின் படம் தொங்கியது. கோடு போட்ட சட்டையும் வெறுங்காலுமாகப் பதினொரு பேர். நடுவில் பந்தை மடியில் வைத்துக்கொண்டு பூட்டனார். அந்தப் பருவத்தில் அவருடைய அணி ஒரு ஆட்டத்திலும் தோற்கவில்லை என்பது கல்லூரியில் எல்லோருக்கும் தெரிந்த கதை. அதனால் அப்பாவுக்கு விடுதியில் பெயரே இல்லை. "தோற்காத கப்டனின் பேரன்" என்றுதான் கூப்பிட்டார்கள்.

அப்பாவுக்குப் பந்து உதைக்கத் தெரியாது. பந்து வந்தால் வழி விட்டு நிற்பவர். பூட்டனாரின் பெயருக்காக ஒருமுறை அவரை அணியில் சேர்த்திருக்கிறார்கள். கால் மணித்தியாலத்தில் வெளியே எடுத்துவிட்டு, கோல் எண்ணிக்கையை எழுதும் கரும்பலகைக்குப் பக்கத்தில் நிறுத்தினார்களாம். அந்த வேலையைக் கல்லூரி முடியும்வரை அப்பா சரியாகச் செய்தார். எங்கள் பக்கம், எதிர்ப்பக்கம் இரண்டுக்கும் ஒரே அளவு எழுத்தில் எழுதுவாராம். எதிர்ப்பக்கத்து எண்ணைச் சிறிதாக எழுதச் சொன்ன விளையாட்டு ஆசிரியரிடம், "சேர், எனக்குச் சின்ன எழுத்து வராது" என்றாராம். இதை அப்பா பெருமையாகச் சொல்லமாட்டார். சிரித்துக்கொண்டே சொல்வார்.

பிறகு கொழும்பில் அரசாங்கத் திணைக்களம் ஒன்றில் படவரைஞராக இருந்தார். அம்மாவைக் கட்டினார். நான் பிறந்தேன். கலவரத்தில் வீடு போனது. அதைப்பற்றி அப்பா அதிகம் கதைக்கமாட்டார், நானும் எழுதவில்லை. எனக்கு ஒன்பது வயதாக இருந்தபோது ஒக்லாந்துக்கு வந்தோம். த்ரீ கிங்ஸ் என்ற பகுதியில் ஒரு வாடகை வீடு. அப்பா பெட்டியில் கொண்டுவந்த சான்றிதழ்களை இங்கே ஒருவரும் திறந்தும் பார்க்கவில்லை. விரி என்ற இடத்தில் ஒரு களஞ்சியத்தில் லொறியில் ஏறும் பெட்டிகளைச் சரிபார்க்கும் வேலை கிடைத்தது. ஓய்வு பெறும்வரை அங்கேதான் இருந்தார். படவரைஞர் பெட்டி எண்ணுகிறாரே என்று எங்கள் சொந்தக்காரர்கள் சிலர் பரிதாபப்பட்டார்கள். அப்பா படவில்லை. நல்ல நித்திரை வருகிற வேலை என்றார்.

ஒருநாள் லொறி போய் ஒரு மணித்தியாலம் கழித்து, தான் ஒரு பெட்டியைத் தவறாக எண்ணிவிட்டதைக் கண்டுபிடித்தார். ஒருவரும் கவனிக்கவில்லை. அப்பாவே மேற்பார்வையாளரிடம் போய்ச் சொன்னார். மேற்பார்வையாளர் பிஜியில் இருந்து வந்தவர், பூர்வீகம் தென்னிந்தியா. "நீங்கள் சொல்லாமல் விட்டிருந்தால் எனக்கு இந்த வேலை மிச்சம்" என்று ஆங்கிலத்தில் திட்டிவிட்டு லொறியைத் திருப்பிக் கூப்பிட்டாராம். அப்பா அன்று வீட்டுக்கு வந்து நன்றாகச் சாப்பிட்டார்.

அப்பாவிடம் பிழை இல்லை என்று நான் சொல்லவில்லை. கார் ஓட்டினால் பின்னால் வருகிறவர்கள் எல்லோருக்கும் கோபம் வரும். குழாயைப் பூட்டமாட்டார். தன் கஷ்டத்தை வாய் திறந்து சொல்லமாட்டார். ஐப்பசியில் கந்தசஷ்டி ஆறு நாளும் பாலும் பழமும் மட்டும் எடுத்து விரதம் இருப்பார். அதைக் களஞ்சியத்தில் ஒருவருக்கும் சொல்லவில்லை. ஒரு வருடம் நான்காம் நாள் பெட்டிகளுக்கு நடுவில் மயங்கி விழுந்தார். அதே பிஜி மேற்பார்வையாளர்தான் தூக்கி இருத்தித் தண்ணீர் கொடுத்தவர். "சொல்லியிருந்தால் வேறு வேலை தந்திருப்பேனே, மனிதா" என்று கேட்டாராம். சொல்லாமல் இருப்பது எங்கள் பரம்பரை வியாதி என்று அப்போது எங்களுக்குத் தெரியாது.

விரதத்தில் எங்கள் வீட்டில் இன்னொரு வழக்கமும் இருந்தது. ஐந்தாம் நாள் வீட்டில் தேநீர் வைக்கக்கூடாது. விரதம் இருப்பவர்களுக்கு மட்டுமல்ல, ஒருவருக்கும் இல்லை. முதல் நாலு நாளும் வைக்கலாம், ஆறாம் நாள் சூரன் போருக்கும் வைக்கலாம். ஐந்தாம் நாள் மட்டும் கேத்தல் அடுப்பில் ஏறாது. அம்மா விரதம் பிடிப்பதில்லை. தேநீர் இல்லாமல் அவருக்குக் காலையில் கண் திறக்காது. ஒவ்வொரு வருடமும் இந்தச் சண்டை நடக்கும்.

"இஞ்சேருங்கோ, நான் விரதமுமில்லை ஒண்டுமில்லை. எனக்கேன் தேத்தண்ணி இல்லை?"

"அஞ்சாம் நாள் வைக்கிறேல்லை."

"அதுதான் ஏன்?"

"அப்பப்பா வைக்கிறேல்லை."

"அவருக்குத் தேத்தண்ணி பிடிக்காதோ?"

"மற்ற நாளில அஞ்சு தரம் குடிப்பார்."

காரணம் அப்பாவுக்கும் தெரியாது. அவருடைய அப்பாவுக்கும் தெரியாது. அம்மா த்ரீ கிங்ஸ் கடைத்தொகுதிக்குப் போய் ஒரு கப் வாங்கி, காருக்குள் இருந்து குடித்துவிட்டு, வாயைத் துடைத்துக்கொண்டு வருவார். அது அப்பாவுக்குத் தெரியும். கேட்கமாட்டார்.

ஓய்வு பெற்றபிறகு அப்பாவுக்குச் சனிக்கிழமைகள் என் மகளோடு போயின. அவள் பள்ளி அணியில் கோல் காப்பவள். மழைக்கோட்டைப் போட்டுக்கொண்டு மைதானத்துக்கு வந்து, ஒரு கொப்பியில் ஒவ்வொரு ஆட்டத்தையும் எழுதினார். ஒரு சனிக்கிழமை அவளுக்குள் ஒன்பது கோல் போனது. அவள் காருக்குள் அழுதாள். அதை எழுத வேண்டாம் என்று ஆங்கிலத்தில் கெஞ்சினாள். அப்பா ஒன்பது என்று எழுதினார். அதற்குப் பக்கத்தில், அவள் தடுத்தவை பதின்மூன்று என்றும் எழுதினார். அவள் கண்ணைத் துடைத்துவிட்டு அந்தப் பதின்மூன்றை எண்ணிப் பார்த்தாள். அந்தக் கொப்பி இப்போது அவளிடம் இருக்கிறது.

ஹென்டர்சன் மாமா எங்களுக்கு மாமா முறை இல்லை. ஹென்டர்சன் என்ற பகுதியில் இருக்கிறார், அதனால் அந்தப் பெயர். எங்கள் கல்லூரிக்கு எப்போதும் எதிரியாக இருந்த மிஷன் கல்லூரியில் படித்தவர், கிறிஸ்தவர். அப்பாவும் அவரும் ஒரு கலியாண விருந்தில் ஒரே மேசையில் இருந்தார்கள். நான் அப்பாவுக்குப் பக்கத்தில் இருந்தேன். எந்தக் கல்லூரி என்று கேள்வி வந்தது. அப்பா சொன்னார். பழக்கத்தில், தோற்காத கப்டனின் பேரன் என்றும் சேர்த்துச் சொன்னார்.

"தோற்காத கப்டனோ? அந்தாளுக்கு நாங்கள் அஞ்சு அடிச்சனாங்கள் எல்லோ."

"எப்ப?"

"அந்த வருசந்தான். உங்கட மைதானத்தில. அஞ்சு, பூச்சியம்."

"அது மழையில நிண்ட மட்ச்."

"மழை பெய்ததோ தெரியாது. கோல் பெய்தது."

அப்பா பாயாசத்தைப் பாதியில் வைத்துவிட்டு எழும்பினார். இரண்டு மாதம் ஹென்டர்சன் பக்கமே போகமாட்டேன் என்று இருந்தார். நாங்கள் அந்தப் பக்கம் போவதே இல்லை, அது வேறு விஷயம்.

இரண்டு மாதம் கழித்து மாமாவே வந்தார். எழுபது வயது தாண்டிய மனிதர், ரயிலும் பஸ்ஸும் மாறி, நெஞ்சோடு ஒரு கடித உறையைப் பிடித்துக்கொண்டு வந்து வாசலில் நின்றார். ஊரில் இருக்கிற தன் தம்பியிடம் சொல்லி, தங்கள் கல்லூரியின் பழைய சஞ்சிகையில் இருந்து நான்கு பக்கங்களைப் படியெடுத்து அனுப்பச் செய்திருக்கிறார். அப்பா கண்ணாடியைப் போட்டுக்கொண்டு வாசித்தார். நாங்கள் எல்லோரும் பார்த்துக்கொண்டு இருந்தோம்.

அந்தப் பக்கங்களில் இருந்ததை நான் சுருக்கிச் சொல்கிறேன். ஏனென்றால் பிறகு சங்கம் போட்ட விழா மலரில் இது வரவில்லை.

எங்கள் அணி அந்தப் பருவத்தில் நன்றாகத்தான் விளையாடியிருக்கிறது. கச்சேரி, அதாவது அரசாங்க அலுவலக, எழுதுவினைஞர்களின் அணியை வென்றார்கள். வேறு கல்லூரிகளுக்கு மாட்டு வண்டியில் போய் வென்றுவிட்டு வந்தார்கள். அந்தக் காலத்தில் ஆசிரியர்களும் மாணவர்களோடு சேர்ந்து விளையாடலாம். எங்கள் அணியின் முன்வரிசையில் நின்றவர் கணித ஆசிரியர். பந்து வேண்டுமானால் மாணவன் முதலில் "சேர்" என்று சொல்லவேண்டும். அப்பா இதை எங்களுக்கு நடித்துக் காட்டுவார். "சேர், பந்து. சேர், கோலுக்கு முன்னால நிக்கிறன், சேர். சேர், பந்து போயிட்டுது." என் மகளுக்கு இது விளங்கியதோ தெரியாது, ஒவ்வொரு தடவையும் விழுந்து சிரிப்பாள்.

பிறகு மிஷன் கல்லூரி எங்கள் மைதானத்துக்கு வந்தது. அன்று கந்தசஷ்டியின் ஐந்தாம் நாள். எங்கள் பதினொரு பேரில் ஆறு பேர் விரதம். பூட்டனாரும் அதில் ஒருவர். ஐந்து நாளாகப் பாலும் பழமும் மட்டும். ஆட்டத்தைத் தள்ளிவைக்கும்படி கேட்டிருக்கலாம். கேட்கவில்லை. விரதம் என்று எதிரணிக்குச் சொல்லவும் இல்லை. இடைவேளைவரை தாங்கினார்கள். அதற்குப் பிறகு கால் நகரவில்லை. ஐந்து கோல் போனது.

ஆட்டம் முடிய, வழக்கப்படி வந்தவர்களுக்குத் தேநீரும் வடையும் வாழைப்பழமும் கொடுத்தார்கள். பூட்டனார் தன் கையால் பரிமாறினார். தாங்கள் ஆறு பேரும் ஒன்றும் எடுக்கவில்லை. எதிரணித் தலைவர் அதைக் கவனித்து ஏன் என்று கேட்டார். யாரோ ஒருவர் உண்மையைச் சொல்லிவிட்டார். அந்தத் தலைவர் கோப்பையைக் கீழே வைத்தார். தன் ஆட்களுக்கும் வைக்கச் சொன்னார். பட்டினி கிடந்தவர்களை அடித்துவிட்டு அவர்களுக்கு முன்னால் சாப்பிட முடியாது என்று சொல்லி, பதினொரு பேரும் ஒரு வாய் தண்ணீர்கூடக் குடிக்காமல் நடந்தே திரும்பிப் போனார்கள்.

அவ்வளவுதான். மிஷன் கல்லூரிச் சஞ்சிகை இதை எழுதிவைத்திருக்கிறது. எங்கள் கல்லூரிச் சஞ்சிகையை அப்பா பிறகு எடுப்பித்துப் பார்த்தார். அதில் அந்த ஆட்டமே இல்லை.

அப்பா கடைசிப் பக்கத்தை வைத்துவிட்டு அம்மாவைத் திரும்பிப் பார்த்தார்.

"இஞ்சரும். தேத்தண்ணி ஏன் வைக்கிறேல்லை எண்டு தெரிஞ்சிட்டுது."

"நாப்பது வருசம் கழிச்சோ?" என்றார் அம்மா.

அப்பா சிரித்தார். அப்படிச் சிரித்து நான் பார்த்ததில்லை. அறுபது வருடமாகத் தலையில் சுமந்த தோற்காத கப்டனை இறக்கி வைத்துவிட்டு, தோற்ற மனிதர் ஒருவரை அப்பப்பாவாகப் பெற்றுக்கொண்ட சிரிப்பு அது. மாமாவும் சிரித்தார். அதன் பிறகு ஐந்து வருடம் அவர்கள் இரண்டு பேரும் ஒவ்வொரு புதன்கிழமையும் எங்கள் வீட்டு மேசையில் இருந்து இதே ஆட்டத்தைத் திரும்ப விளையாடினார்கள்.

"வந்த ஆக்கள் பச்சைத் தண்ணி குடிக்காமப் போயிருக்கினம். அதை எங்கட ஆள் எப்பிடி எழுதுவார்? தோல்விக்கு வெக்கமில்லை ஐசே. தேத்தண்ணிக்குத்தான்" என்பார் அப்பா.

"அது மரியாதைக்கு விட்டது. விரதக்காரரை முன்னால வைச்சுக்கொண்டு வடை கடிக்கேலுமே?"

"உமக்கு மரியாதை. வீட்டுக்காரனுக்கு?"

"விரதம் எண்டு முதலே சொல்லியிருக்கலாமே. நாங்கள் தள்ளி வைச்சிருப்பம்."

"சொன்னா, தோக்கப் போறதுக்குச் சாட்டு எண்டு சொல்லுவியள்."

மாமா கொஞ்சம் யோசித்தார். "சொல்லித்தான் இருப்பம்."

"பாத்தீரே."

"அதுசரி, அஞ்சாம் நாள் அஞ்சு கோல். அடுத்த நாள் வைச்சிருந்தா ஆறு. உங்கட ஆள் தப்பினார்."

இப்படியே போகும். அம்மா இரண்டு பேருக்கும் ரொட்டி சுட்டுக் கொடுத்துக் களைத்துப்போனார். அப்பாவின் வாழ்க்கையில் மிகவும் சந்தோசமான ஐந்து வருடங்கள் எவை என்று என்னைக் கேட்டால் அவற்றைத்தான் சொல்வேன். எனக்குக் கல்யாணம் ஆன நாளைவிட அந்தப் புதன்கிழமைகளில்தான் அவர் கூடுதலாகச் சிரித்தார். எனக்கு அதில் கோபம் இல்லை.

இனி சங்கத்தின் விஷயத்துக்கு வருகிறேன்.

கல்லூரியின் ஆண்டு விழாவுக்கு ஒக்லாந்துச் சங்கம் ஒரு மலர் போட்டது. பழைய உதைபந்தாட்ட அணியைப்பற்றி ஒரு கட்டுரை தரும்படி சங்கத்துச் செயலாளரே வீட்டுக்கு வந்து கேட்டார். அப்பா ஆறு மாதம் எழுதினார். "ஐந்தாம் நாள்" என்று தலைப்புப் போட்டார். அணியின் வெற்றிகள், கணித சேர், மாட்டு வண்டி எல்லாம் அதில் இருந்தன. ஐந்து கோலும் இருந்தது. குடிக்காத தேநீரும் இருந்தது. கடைசியில் ஒரு அழைப்பும் எழுதினார். அன்று குடிக்காமல் போனவர்களின் பிள்ளைகளோ பேரப்பிள்ளைகளோ, அந்தக் கல்லூரியில் படித்த எவருமோ ஒக்லாந்தில் இருந்தால், தயவுசெய்து எங்கள் வீட்டுக்கு வந்து ஒரு தேநீர் குடிக்கவேண்டும் என்று. அந்த அழைப்புக்காகத்தான் முழுக் கட்டுரையும் எழுதினேன் என்று என்னிடம் சொன்னார்.

மலர் வெளியீட்டு விழாவுக்குப் போகும்போது அப்பாவின் சிறுநீரகங்கள் பழுதாகத் தொடங்கிவிட்டன. நான்தான் கையைப் பிடித்து மேடைக்கு ஏற்றினேன். சால்வை போர்த்தினார்கள். வீட்டுக்கு வந்து மலரைத் திறந்தோம். தலைப்பு: "தோல்வியே அறியாத எங்கள் அணி". கீழே அப்பாவின் பெயர், படம். மிஷன் கல்லூரியுடனான ஆட்டம் மழை காரணமாக நடைபெறவில்லை என்று இருந்தது. தேநீர் இல்லை. அழைப்பும் இல்லை.

அப்பா இரண்டுதரம் வாசித்தார். பிறகு சொன்னார்: "பிள்ளை, இதை மாமாவுக்குக் காட்டாதை."

மாமா அதற்குள் வாசித்துவிட்டார். அடுத்த புதன்கிழமை வழக்கம்போல வந்தார். அப்பா முகத்தைப் பார்க்காமல் இருந்தார். மாமாதான் தொடங்கினார்.

"நீர் எழுதேல்லை எண்டு எனக்குத் தெரியும். உமக்கு இவ்வளவு வடிவா எழுத வராது."

மாமாவுக்கு அப்பாவைத் தெரியும். மற்றவர்களுக்குத் தெரியாதே. ஒரு சனிக்கிழமை நானும் அப்பாவும் மரக்கறிக் கடையில் நின்றோம். மிஷன் கல்லூரிப் பழைய மாணவர் ஒருவர், எங்களுக்கு முகம் தெரிந்தவர், அப்பாவிடம் வந்து நின்று, "ஐயா, நூறு வருசத்துக்குப் பிறகும் பொய்தானோ?" என்று கேட்டுவிட்டுப் போனார். அவர் உரத்துக் கேட்கவில்லை. சிரித்துக்கொண்டுதான் கேட்டார். அப்பா கையில் கத்தரிக்காய்ப் பையோடு நின்றார். ஒரு பெட்டியைப் பிழையாக எண்ணியதற்கு லொறியைத் திருப்பிய மனிதர், அந்தப் பையைத் தட்டிலேயே வைத்துவிட்டு வெளியே நடந்தார். அதை நான் பார்த்தேன். அதனால்தான் இதை எழுதுகிறேன்.

அன்றே செயலாளருக்குத் தொலைபேசி எடுத்தேன்.

"அக்கா, அது ஒரு வரிதானே."

"ஒரு வரியெண்டா ஏன் மாத்தினீங்கள்?"

"விழா மலரில தோல்வியைப் போடுறதோ அக்கா? பிள்ளையள் வாசிக்கிற புத்தகம்."

"உங்கட மகன் தமிழ் வாசிப்பானோ?"

"படம் பாப்பான்."

"மன்னிப்புக் கேளுங்கோ எண்டு சொல்லேல்லை. திருத்தம் ஒண்டு போடுங்கோ."

"ஓம் அக்கா. செயற்குழுவில கதைக்கிறம்."

இன்னும் கதைத்துக்கொண்டு இருக்கிறார்கள். அப்பாவும் இரண்டு வரியில் ஒரு கடிதம் எழுதினார். ஆட்டம் நடந்தது, ஐந்து கோலில் தோற்றோம், தயவுசெய்து திருத்துங்கள் என்று. அதற்குப் பதில் வரவில்லை. சங்கத்தின் தீபாவளி வாழ்த்து அட்டைதான் வந்தது.

அப்பா என்னைப்போல் கோபப்படவில்லை. நான் கத்தினால், "அவங்களும் அப்பப்பா மாதிரித்தான் பிள்ளை, வெக்கத்தில மறைக்கிறாங்கள்" என்பார். நான் அதை ஏற்கவில்லை. பூட்டனார் மறைத்தார், ஆனால் ஆயுள் முழுக்க ஒவ்வொரு ஐந்தாம் நாளும் தேநீரை விட்டு அதைத் தனக்குள் சொல்லிக்கொண்டார். சங்கத்துக்காரரே, நீங்கள் எதை விட்டீர்கள்?

கடைசிக் கந்தசஷ்டிக்கு வைத்தியர் விரதம் கூடாது என்று கண்டிப்பாகச் சொல்லிவிட்டார். நேரத்துக்குச் சாப்பிட்டு மருந்து எடுக்கவேண்டும். அறிவு தெரிந்த நாள் முதல் விடாத விரதத்தை விட்டது அப்பாவுக்குப் பெரிய கவலை. ஐந்தாம் நாள் புதன்கிழமையாக வந்தது. மாமா பின்னேரம் வந்தார். முகம் வாடி இருந்தது. என்ன என்று கேட்டோம்.

"நீர் விரதம் பிடிக்கேலாது எண்டு சொன்னவை. அதுதான் உமக்காக நான் பிடிச்சனான்."

"நீர் வேதக்காரன், ஐசே. உமக்கேன் கந்தசஷ்டி?"

"முருகன் என்னட்ட அடையாள அட்டை கேக்கேல்லை."

அப்பாவின் கண் கலங்கிவிட்டது. மாமா அதைப் பார்த்துப் பயந்துபோய் உண்மையைச் சொன்னார்.

"முழுசாப் பிடிக்கேல்லை. காலமையில இருந்து மூண்டு மணி மட்டும்தான். பிறகு ஸ்டேசனடியில இறைச்சி வைச்ச மீட் பை ஒண்டு சாப்பிட்டன்."

அப்பா சிரித்து இருமி, இருமிச் சிரித்தார். பிறகு தலையணையில் நிமிர்ந்து இருந்து அம்மாவைக் கூப்பிட்டார்.

"இஞ்சரும். தேத்தண்ணி வையும்."

அம்மா திகைத்து நின்றார். "இண்டைக்கு அஞ்சாம் நாள்."

"தெரியும். வையும்."

எங்கள் குடும்பத்தில் அந்த நாளில் கேத்தல் அடுப்பில் ஏறியது எனக்குத் தெரிந்து அதுதான் முதல் தடவை. அவசரத்தில் அம்மா சீனி போட மறந்துவிட்டார். அப்பா கோப்பையைத் தன் இரண்டு கையாலும் வாங்கி மாமாவிடம் நீட்டினார். "அண்டைக்குக் குடிக்காமப் போனதை இண்டைக்குக் குடியும்." மாமா எழும்பி நின்றுதான் வாங்கினார். முழுவதையும் குடித்துமுடித்தார். பிறகுதான் சொன்னார்:

"சீனி இல்லை."

"அஞ்சு அடிச்சியள் எல்லோ. அதுக்குச் சீனி வேறயோ?"

அப்பாவும் ஒரு மிடறு குடித்தார். அம்மா தனக்கும் ஒரு கோப்பை ஊற்றிக்கொண்டு வந்து, முதல் தடவையாக அந்த நாளில் வீட்டுக்குள் இருந்து, எல்லோருக்கும் முன்னால் குடித்தார்.

அதற்கு ஐந்து கிழமை கழித்து அப்பா எங்கள் வீட்டில், தன் கட்டிலில், காலை வெளிச்சத்தில் போனார். நோவு இல்லை. முதல்நாள் சனிக்கிழமை. அது உதைபந்தாட்டக் காலம் இல்லை. ஆனாலும் என் மகளிடம் எத்தனை கோல் என்று கேட்டார். அவள் தமிழில் "ஒண்டும் இல்லை, அம்மப்பா" என்றாள். திருப்தியாகத் தலையாட்டினார். குறை சொல்ல இடமில்லாத முடிவு. அப்பாவைப் பொறுத்தவரை அவருடைய ஆட்டம் மாமா கோப்பையைக் கீழே வைத்த நேரத்திலேயே முடிந்துவிட்டது.

நன்றி சொல்லவேண்டியவர்களுக்கு நேரே சொல்லிவிடுகிறேன். வீட்டுக்கு வந்து அப்பாவைக் குளிப்பாட்டி உடுப்பு மாற்றிய தாதியருக்கு நன்றி. அவர்களில் ஒருவர் அப்பாவுக்காகத் தமிழில் ஒன்றில் இருந்து பத்துவரை எண்ணப் பழகினார். கேட்காமலே எங்கள் புல்லையும் வெட்டிவிட்ட பக்கத்து வீட்டுச் சமோவாக் குடும்பத்துக்கு நன்றி. வேலை விட்டுப் பல வருடங்களின் பிறகும் விரியில் இருந்து இறுதிக் கிரியைக்கு வந்து, பெட்டி தூக்கத் தோள் கொடுத்த பிஜி மேற்பார்வையாளருக்கு நன்றி. கிரியைகளை அவசரப்படாமல் செய்துவைத்த ஐயருக்கும், முப்பத்தொரு நாளும் சமைத்து அனுப்பியவர்களுக்கும் நன்றி. பாத்திரங்கள் சில இன்னும் எங்களிடம் இருக்கின்றன, வந்து எடுத்துக்கொண்டு போங்கள். ஹென்டர்சன் மாமாவுக்கு நான் நன்றி சொல்லப்போவதில்லை. புதன்கிழமைகளில் அவர் இப்போதும் வருகிறார். அம்மா இப்போதும் ரொட்டி சுடுகிறார்.

சங்கத்துச் செயற்குழுவினரே, நீங்கள் வெட்டி எறிந்த அழைப்பை நான் இங்கே போடுகிறேன். இந்த ஐப்பசியிலும் ஐந்தாம் நாள் தேநீர் வைத்தோம். மாமா தன் கல்லூரிக்காரர் இரண்டு பேரைக் கூட்டிக்கொண்டு வந்தார். அவர்களில் ஒருவர் மரக்கறிக் கடையில் அப்பாவிடம் கேள்வி கேட்டவர். வாசலில் தலையைக் குனிந்துகொண்டு நின்றார். நான் அவருக்குச் சீனி போட்டுத்தான் கொடுத்தேன். அவர்மேல் பிழை இல்லை, நீங்கள் அச்சடித்ததைத்தானே அவர் நம்பினார். இனி ஒவ்வொரு வருடமும் அந்த நாளில் த்ரீ கிங்ஸில் எங்கள் வீட்டுக் கதவு திறந்திருக்கும். அந்தக் கல்லூரியில் படித்த எவரும் வரலாம்.

மிச்சம் இருப்பது அந்த ஒரு வரி. அது அப்பாவின் பெயருக்குக் கீழே இன்னும் பொய்யாக நிற்கிறது. சங்கத்தின் செயலாளர் அவர்களே, தொலைபேசியில் எனக்குச் சொல்லவேண்டாம். செயற்குழு அறைக்குள் கதைத்தது போதும். வரும் ஆண்டுப் பொதுக்கூட்டத்துக்கு நானும் அம்மாவும் என் மகளும் வருவோம். என் மகள் அப்பாவின் கொப்பியையும் பேனாவையும் கொண்டுவருவாள். எல்லோருக்கும் முன்னால் எழும்பி நின்று, ஒலிவாங்கியைப் பிடித்துக்கொண்டு பதில் சொல்லுங்கள். அந்த ஆட்டம் நடந்ததா, இல்லையா? நடந்ததென்றால் எத்தனை கோல்? அவள் எழுதக் காத்துக்கொண்டு இருப்பாள். சபையில் சொல்லுங்கள்.